பிரெஞ்சுப் பிரபுவும் ஒரே பொன்னாடையும்

1974 பிப்ரவரியில் ஒரு ஞாயிற்றுக்கிழமை மத்தியானம், கனடாவில் டொரான்டோவை ஒட்டிய ஸ்காபரோவில் ஒரு பள்ளிக்கூட ஹாலின் முன்வரிசையில், மடியில் பெண்கள் போடும் குளிர்க்கோட்டு ஒன்றை வைத்துக்கொண்டு சிவசைலம் உட்கார்ந்திருந்தான். முன்வரிசை என்று சொன்னது ஒரு மரியாதைக்குத்தான். நடுவரிசை, பின்வரிசை எல்லாமே அதுதான். மேடைக்குக் கீழே போட்டிருந்தது ஒரே ஒரு நாற்காலி. அதில் அவன் இருந்தான்.

டொரான்டோ முத்தமிழ்ப் பேரவையின் மற்ற உறுப்பினர்கள் எல்லோரும் மேடைமேல் இருந்தார்கள். காரணம் எளிது. பேரவையில் சண்டை வரும்போதெல்லாம், கோபித்துக்கொண்டவர் பிரிந்துபோய் வேறு பேரவை ஆரம்பித்துவிடாமல் இருக்க, அவருக்கு ஒரு பதவி கொடுத்துவிடுவார்கள். நிறைய சண்டை வந்தது. கிழக்கு ஸ்காபரோ துணைத்தலைவர், மேற்கு ஸ்காபரோ துணைத்தலைவர், இரண்டுக்கும் நடுவில் குடியிருந்தவருக்கு எல்லைப் பகுதித் துணைத்தலைவர். மனைவிமார் மகளிர் அணி. ஜமக்காளம் கொண்டுவருகிறவர் விரிப்புச் செயலாளர், அதைச் சுருட்டுகிறவர் இணைச் செயலாளர். கடைசியாக நடந்த தேர்தலன்று சிவசைலம் கம்பெனியில் ஓவர்டைம் பார்த்துக்கொண்டிருந்தான். அதனால் டொரான்டோவிலேயே பதவி இல்லாத ஒரே தமிழனாக அவன் ஆகிப்போனான். அவனுக்கு அது ஒரு குறையாகவும் தெரியவில்லை.

அவன் குறை வேறு. நாலு மணிக்கு லண்டன் விமானத்தில் கோமதி வந்து இறங்குகிறாள்.

கல்யாணம் ஆகி ஒரு மாதம் அம்பாசமுத்திரத்தில் சேர்ந்து இருந்தார்கள். அந்த ஒரு மாதமும் வீடு நிறைய சொந்தக்காரர்கள். 'குளிச்சாச்சா', 'சாப்பிட வாங்க' என்பதற்கு மேல் அவள் அவனிடம் பேச ஆரம்பித்தபோதெல்லாம் ஒரு சித்தி தண்ணீர் கேட்டுக்கொண்டு உள்ளே வந்தாள். பிறகு அவன் கனடா வந்துவிட்டான். ஒன்றரை வருஷம் போயிற்று. 'குளிருக்கு ஒண்ணும் கொண்டுவர வேண்டாம், கோட்டு வாங்கியாச்சு, ஏர்போர்ட்டிலேயே கொண்டுவந்து போட்டுவிடுவேன்' என்று எழுதியிருந்தான். கடையில் அவள் அளவு கேட்டபோது, கையைத் தன் தோளுக்கு நேரே வைத்து 'இவ்வளவு' என்று காட்டி வாங்கிய அரக்குச் சிவப்புக் கோட்டு. கழுத்தில் முயல்தோல் மாதிரி ஒன்று வைத்துத் தைத்திருந்தது.

"கூட்டத்துக்கு வராம ஏர்போர்ட்டுக்குப் போறேன்னு சொல்றது நல்லாவா இருக்கு?" என்று காலையில் கேட்டவர் பேரவைத் தலைவர் பேராசிரியர் அரங்கநாதன். அவர் வீட்டு அடித்தளத்தில்தான் சிவசைலம் குடியிருந்தான். கோமதியும் அங்கேதான் வந்து இறங்க வேண்டும். "வந்து தலையைக் காட்டிட்டுப் போங்க. நம்ம செயலாளர் திருவேங்கடம் கார்லயே கொண்டுபோய் விட்டுடுவார். என்ன திருவேங்கடம்?"

"பத்தே நிமிஷம் சார். சல்லுனு போயிடலாம்" என்றார் திருவேங்கடம். அவருக்கு எந்த ஊரும் பத்து நிமிஷம்தான்.

அன்றைய சிறப்பு விருந்தினராக வரவேண்டியவர் சென்னையிலிருந்து ஒரு புலவர். அவர் குளிரை நினைத்து லண்டனோடு திரும்பிவிட்டார். ஹால் பிடித்தாயிற்று, வடை சுட்டாயிற்று. நகரத்தில் ஒரு ஹோட்டலில் கணக்கு எழுதிக்கொண்டிருந்த பேரவையின் மூத்த துணைத்தலைவர், யாழ்ப்பாணத்து மகாலிங்கம் அண்ணைதான் அந்த ஹோட்டலில் தங்கியிருந்த ஒரு பிரெஞ்சுப் பிரபுவைப் பிடித்து வந்தார். பெயர், பட்டத்தோடு சேர்த்து, மார்க்கி ஒனோரே த வாலம்ப்ரே. பழைய மந்திரி. நாற்காலி போட்டுத் தருகிறேன் என்று யார் சொன்னாலும் வருகிறவர்.

பிரபு ஒல்லியாக, குள்ளமாக, மூக்கு மட்டும் முழு அளவில் இருந்தார். மேடைக்கு நடுவில் அவரை உட்கார வைத்து, காதோடு மொழிபெயர்க்க மகாலிங்கம் பக்கத்தில் உட்கார்ந்தார். எண்ணெய் விலை ஏறிக் கிடந்த சமயம். ஞாயிற்றுக்கிழமைகளில் பள்ளிக்கூடத்தில் ஹீட்டர் போட மாட்டார்கள். பேசுகிறவர் வாயிலிருந்து சொல்லுக்கு முன்னால் புகை வந்தது.

பேராசிரியர் வரவேற்புரைக்கு எழுந்தார். மேடையில் இருந்த ஒவ்வொருவரையும் பதவி சொல்லி, பட்டம் சொல்லி, 'அவர்களே' போட்டு முடித்தார். அதற்குள் சுவர்க் கடிகாரத்தில் பெரிய முள் பாதிச் சுற்று போய்விட்டது. பிறகு கீழே பார்த்தார். "பெருந்திரளாக வந்து அவையை நிறைத்திருக்கும் சிவசைலம் அவர்களே!"

சிவசைலம் கும்பிட்டான்.

"நம் பிரபு அவர்களுக்கும் தமிழுக்கும் உள்ள உறவு இன்று நேற்று ஏற்பட்டதல்ல. இளம் வயதில் கப்பலில் சைகோன் போகும் வழியில் புதுச்சேரியைத் தொலைவிலிருந்து பார்த்திருக்கிறார். வெயிலாக இருந்தபடியால் இறங்கவில்லை. இறங்காமலே இவ்வளவு பற்று என்றால், இறங்கியிருந்தால்?" மேடை கைதட்டியது. "பிரபுவின் முப்பாட்டனாருக்குப் புரட்சியின்போது தலை போயிற்று. அன்றிலிருந்து அந்தக் குடும்பம் தலையில்லாமலே நாட்டுக்குத் தொண்டாற்றி வருகிறது! பிரெஞ்சு நாட்டில் போருக்குப் பின் மாதத்துக்கு ஓர் ஆட்சி கவிழ்ந்தது என்பார்கள். எல்லா ஆட்சியிலும் இவர் மந்திரி. கடலே இல்லாத மாவட்டத்திலிருந்து வந்து மீன்வளத் துறையை ஏற்றார். அவர் காலத்தில் ஒரு மீன்கூடப் புகார் செய்ததில்லை. சொந்த ஊரில் ஒரே பாலத்தை நான்கு முறை திறந்து வைத்தார். பாலம் இன்னும் அக்கரை போய்ச் சேரவில்லை என்பது வேறு விஷயம். மாணவர்கள் பாரிஸ் தெருக்களில் கல்லெறிந்தபோது பிரபு சபையில் உறங்கிக்கொண்டிருந்தார். மறுநாள் பத்திரிகைகள் அவருடைய நிதானத்தைப் போற்றின!"

மகாலிங்கம் இதையெல்லாம் காதில் ஓதினார். பிரபு ஒவ்வொன்றுக்கும் தலையாட்டி, "உண்மை, உண்மை" என்றார்.

அடுத்து பொன்னாடை.

பேரவையிடம் பொன்னாடை ஒன்றுதான் உண்டு. மேடையில் இருக்கிற அத்தனை பேரும் போர்த்தியாக வேண்டும். அதற்கு ஒரு வழிமுறை வைத்திருந்தார்கள். ஒருவர் முன்னாலிருந்து போர்த்துவார், போட்டோ எடுப்பார்கள், பின்னால் நிற்கிற திருவேங்கடம் நைசாக உருவி அடுத்தவர் கையில் கொடுப்பார். விருந்தினர் கௌரவம் குறையாமல், பேரவையின் முதலும் குறையாமல், இதுவரை எல்லாம் நல்லபடியாக நடந்து வந்திருந்தது. ஆனால் இதுவரை வந்த விருந்தினர் யாரும் இப்படி உறைந்துபோய் இருந்ததில்லை.

முதல் ஆளாகப் பேராசிரியர் போர்த்தியதும் பிரபு அதை இரண்டு கையாலும் இழுத்துக் கழுத்தோடு முடிந்துகொண்டார். திருவேங்கடம் பின்னாலிருந்து லேசாக இழுத்தார். பிரபு முன்னாலிருந்து பலமாக இழுத்தார். நாற்காலி கிறீச்சிட்டது.

"சார், விட மாட்டேங்கறார்" என்று திருவேங்கடம் பல்லைக் கடித்துக்கொண்டு சொன்னார்.

பிரபு திரும்பி, "நண்பரே, அரசியல்வாதியிடம் ஒருமுறை வந்தது திரும்பிப் போவதில்லை. இது எங்கள் குடும்ப வழக்கம்" என்றார்.

வரிசையில் நின்றவர்கள் கொதித்துப்போனார்கள். எல்லைப் பகுதித் துணைத்தலைவர் அந்த இடத்திலேயே ராஜினாமா செய்யப்போவதாகச் சொன்னார். "தலைவர் மட்டும் போத்துவார், நாங்க வேடிக்கை பாக்கணுமா? எங்க ஏரியாவுக்கு நான் என்னன்னு பதில் சொல்றது?" அவர் ஏரியாவில் அவர் மட்டும்தான் இருந்தார்.

அப்போதுதான் மகாலிங்கத்தின் கண் சிவசைலத்தின் மடிமேல் விழுந்தது. சரசரவென்று கீழே இறங்கி வந்தார்.

"தம்பி, உந்தக் கோட்டை ஒருக்காத் தாரும்."

"அண்ணை, இது என் வீட்டுக்காரிக்கு..."

"தெரியும் தம்பி. எல்லாரும் ஒருக்காப் போத்தி, படம் எடுத்த கையோட தாறன். எங்கட மானம் போகுது, நீர் என்னெண்டா!"

அரக்குச் சிவப்புக் கோட்டு மேடைக்குப் போயிற்று. எல்லைப் பகுதித் துணைத்தலைவர் அதைப் பொன்னாடை என்று மைக்கில் அறிவித்துப் போர்த்தினார். பிரபு கையை நுழைத்து, ஒவ்வொரு பித்தானாகப் போட்டுக்கொண்டார். கச்சிதமாக இருந்தது. சிவசைலத்தின் தோள் உயரம்தான் அவரும். முயல்தோல் கழுத்துக்கு மேலே அந்த மூக்கு மட்டும் சிவந்து தெரிந்தது. மிச்சம் இருந்தவர்கள் ஒவ்வொருவராக வந்து கோட்டின் காலரைத் தொட்டுவிட்டு, போர்த்தியதாகக் கருதி, போட்டோவுக்கு நின்றுவிட்டுப் போனார்கள்.

மணி இரண்டரை தாண்டியது. மகளிர் அணித் தலைவி 'தமிழும் பிரான்சும்' என்று ஆரம்பித்தார். அவர் பிறகு பொருளாளர், அதே தலைப்பு. பொருளாளருக்குப் பிறகு இணைப் பொருளாளர், முன்னவர் எல்லாவற்றையும் சொல்லிவிட்டதாகச் சொல்லி, அதை எல்லாம் மறுபடி சொன்னார். சிவசைலம் திருவேங்கடத்தைப் பார்த்தான். திருவேங்கடம் பத்து விரலையும் விரித்துக் காட்டினார்.

விமானம் இந்நேரம் கடலைத் தாண்டியிருக்கும். குச்சி ஐஸைத் தவிர வேறு பனியைப் பார்த்தறியாத கோமதி ஒரு பட்டுப்புடவையோடு வாசலில் வந்து நிற்பாள். அவன் முகத்தைத் தேடுவாள். சிவசைலம் எழுந்துவிட்டான்.

மைக்கில் இருந்தவர் நிறுத்தினார். மேடை முழுக்க ஒரே சமயத்தில் மூச்சை இழுத்தது.

"எங்க எழுந்துட்டீங்க?" பேராசிரியர் செந்தமிழை விட்டுவிட்டார்.

"சார், ஏர்போர்ட்டு. காலையிலயே சொன்னேனே. கோமதி வர்றா."

"அதெல்லாம் சரிப்பா. நீங்க போயிட்டா அவையே கலைஞ்சிடுமே! கீழ யாருமே இல்லாம மேல நாங்க என்ன பண்றது, ஒருத்தரை ஒருத்தர் பாத்துப் பேசறதா?"

"ஓம் தம்பி, இரும். நீர் எழும்பினா இது கூட்டமில்லை, வெறும் மேடை" என்றார் மகாலிங்கம்.

"அப்ப மேல இருந்து யாராவது ஒருத்தர் கீழ வந்து உக்காருங்களேன் சார். ஒரு ஆள் போதுமே."

இப்படி ஒரு யோசனையை அந்த மேடை அதுவரை கேட்டதில்லை. உடனே மேடையிலேயே அவசரச் செயற்குழு கூடியது. கிழக்கு இறங்கினால்தான் இறங்குவேன் என்றது மேற்கு. கிழக்கு, தன் பதவிக்காக இரண்டு வருஷம் யாரோடும் பேசாமல் இருந்ததை ஞாபகப்படுத்தியது. விரிப்புச் செயலாளர், இறங்கினால் ஜமக்காளத்தையும் சுருட்டிக்கொண்டு இறங்குவேன் என்றார். பேராசிரியர் தன் மனைவி நாகலட்சுமியின் பக்கம் கெஞ்சலாகத் திரும்பினார்.

"வீட்டுலதான் கீழ இருக்கேன், இங்கயுமா?" என்றாள் நாகலட்சுமி. அதோடு அந்தப் பேச்சு முடிந்தது.

பிரபு தூக்கத்திலிருந்து விழித்து மகாலிங்கத்திடம் விசாரித்தார். "என்ன கலவரம்?"

"அந்தப் பொடியன் போகப் பார்க்கிறான். அவன் எழும்பினால் கூட்டம் கலைந்துவிடும்."

"அவனுக்கு என்ன பதவி?"

"ஒன்றுமில்லை."

"ஒன்றுமே இல்லை. ஆனால் அவன் எழுந்தால் ஆட்சி கவிழும்?"

"ஓம், அப்படித்தான்."

பிரபுவின் கண்ணில் மத்தியானம் முழுக்க இல்லாத ஒரு வெளிச்சம் வந்தது. எழுந்து, கோட்டை நீவிவிட்டுக்கொண்டு, மைக்கிடம் போனார். பேசியது ஆங்கிலம். அங்கே இருந்த எல்லோருக்கும் ஆங்கிலம் தெரியும். இருந்தாலும் மகாலிங்கம் ஒவ்வொரு வாக்கியத்தையும் தமிழில் சொன்னார்.

"நண்பர்களே! நாற்பது வருஷம் அரசியலில் இருந்தேன். இத்தனை வருஷத்தில் நான் ஒரு காரியமும் செய்ததில்லை. செய்திருந்தால் யாராவது அதை எதிர்த்திருப்பார்கள். இடதுசாரிகள் என்னை வலதுசாரி என்றார்கள், வலதுசாரிகள் இடதுசாரி என்றார்கள், நான் நடுவில் நாற்காலியைப் பிடித்துக்கொண்டேன். அடியில் இருந்த ஆட்சி போய்விடும். நாற்காலியும் நானும் அப்படியே இருப்போம். ஒரே ஒரு தப்புச் செய்தேன். போன தேர்தலில் என் தொகுதி மக்களைப் போய்ப் பார்த்தேன். அவர்களும் என்னைப் பார்த்துவிட்டார்கள்."

மேடை அனுதாபத்தோடு உச்சுக்கொட்டியது.

"என் வாழ்நாள் முழுக்க ஒரு நாற்காலியைத் தேடினேன். வேலை இருக்கக் கூடாது, பொறுப்பு இருக்கக் கூடாது, ஆனால் அதில் இருக்கிறவன் எழுந்தால் எல்லாம் கவிழ வேண்டும். பிரான்சில் அப்படி ஒன்று இல்லை. அதோ இருக்கிறது!"

சொல்லிவிட்டு, எழுபது வயதுக்காரர் என்று யாரும் சொல்ல முடியாத வேகத்தில் படியிறங்கி வந்தார். சிவசைலம் இன்னும் நின்றுகொண்டிருந்தான். பிரபு அவனைச் சுற்றிப் போய் அந்த நாற்காலியில் உட்கார்ந்து, இரண்டு பக்கமும் கையால் பிடித்துக்கொண்டார்.

மேடையில் இருந்தவர்கள் எட்டிக் கீழே பார்த்தார்கள். சிறப்பு விருந்தினர் கீழே, தாங்கள் மேலே. பேரவையின் சரித்திரத்தில் இதற்கு முன்னுதாரணம் இல்லை. பேராசிரியர் நெற்றியைத் தேய்த்தார். பிறகு, கணீரென்று தீர்ப்புச் சொன்னார்.

"சிறப்பு விருந்தினர் எங்கு வீற்றிருக்கிறாரோ, அதுவே மேடை!"

அவ்வளவுதான். யாரும் இறங்க மறுத்த அந்த மேடையிலிருந்து எல்லோரும் நாற்காலியைத் தூக்கிக்கொண்டு குதித்தார்கள். பிரபுவுக்கு வலப்பக்கம் யார், இடப்பக்கம் யார் என்று கிழக்கும் மேற்கும் முட்டிக்கொண்டன. எல்லைப் பகுதி இரண்டுக்கும் நடுவில் புகுந்து பிரபுவின் மடியிலேயே பாதி உட்கார்ந்துவிட்டார். ஒரு வழியாக எல்லோரும் ஹாலை அடைத்துக்கொண்டு, மேல்மேடையைப் பார்த்தபடி வரிசையாக அமர்ந்தார்கள். அங்கே ஒருவரும் இல்லை.

"அவை காலியா இருக்கே" என்றார் பேராசிரியர். "சிவசைலம், ஏறுங்க. மேல போய் உக்காருங்க."

"சார், நான் ஏர்போர்ட்டு..."

"சொன்னாக் கேளுங்க. உங்களை மாதிரி பொறுப்பான ஆடியன்ஸ் கிடைக்கறது கஷ்டம்."

திருவேங்கடமும் மகாலிங்கமும் ஆளுக்கொரு கையைப் பிடித்து அவனை மேலே ஏற்றிவிட்டு, தங்கள் இடம் போய்விடப்போகிறதே என்று திரும்பி ஓடினார்கள். சிவசைலம் வாழ்க்கையில் முதல் முறையாக ஒரு மேடையில் நின்றான். உட்கார நாற்காலி இல்லை. எல்லாவற்றையும் தூக்கிக்கொண்டு போய்விட்டார்கள்.

மைக்கை மட்டும் தூக்க முடியவில்லை. அதன் ஒயர் மேடைச் சுவரில் இருந்தது. அவ்வளவு தூரம் வராது.

அவன் மைக்கைப் பார்த்தான். கடிகாரத்தைப் பார்த்தான். கீழே தன்னையே பார்த்துக்கொண்டிருக்கிற பேரவையைப் பார்த்தான். ஒன்றரை வருஷமாக ஞாயிற்றுக்கிழமை தவறாமல் அந்த ஒற்றை நாற்காலியில் உட்கார்ந்து கேட்டதில் அவனுக்கு மனப்பாடம் ஆகியிருந்தது ஒரே ஒரு வாக்கியம். அது வருமா வருமா என்று எப்போதும் காத்துக் கிடந்த வாக்கியம். தொண்டையைக் கனைத்துக்கொண்டு அதைச் சொன்னான்.

"இத்துடன் இன்றைய கூட்டம் இனிதே நிறைவடைகிறது. நன்றி, வணக்கம்."

யாரும் யோசிக்கவில்லை. யோசிக்கிற இடம் இல்லை அது. அந்தச் சொல் காதில் விழுந்ததும் மொத்தப் பேரவையும் பழக்கத்தில் எழுந்து நின்று, கைதட்டி, ஒரே திசையில் திரும்பி வடையை நோக்கி நடந்தது. பேராசிரியரும் நடந்தார். பாதி வடையைத் தின்ற பிறகுதான் அவருக்கு ஏதோ உறைத்தது. ஆனால் அப்போது சட்னி வந்துவிட்டது.

"திருவேங்கடம் சார், கார்!" என்று சிவசைலம் ஓடி வந்தான்.

"பத்து நிமிஷம்" என்றார் திருவேங்கடம், வாய் நிறைய.

சிவசைலம் பிரபுவிடம் போனான். அவர் மட்டும் இன்னும் கீழே அந்த நாற்காலியிலேயே இருந்தார். சுற்றிலும் காலி நாற்காலிகள். முகத்தில் ஒரே குழப்பம். "நான் எழுந்திருக்கவே இல்லையே, எப்படிக் கவிழ்ந்தது?"

"ஐயா, அந்தக் கோட்டு என் மனைவியுடையது. அவளை அழைத்துவரப் போகிறேன்."

பிரபு கோட்டைக் குனிந்து பார்த்தார். "அப்படியா? உன் மனைவிக்கு நல்ல ரசனை." பித்தான்களை மேலும் இறுக்கிக்கொண்டார். வெளியே கண்ணாடிக்கு அப்பால் பனி கொட்டுவதையும் பார்த்தார். அவர் முகத்தில் ஒரு போராட்டம் நடந்தது. சீக்கிரமே முடிந்தும் விட்டது. கோட்டுக்கு உள்ளே கையை விட்டு, கழுத்தில் முடிந்திருந்த பொன்னாடையை உருவி நீட்டினார். "இளைஞனே, என் நாற்பது வருஷத்தில் இது முதல் தியாகம். வாங்கிக்கொள்."

வாதாட நேரமில்லை. அதை வாங்கிக்கொண்டு சிவசைலம் வார்டன் சுரங்க ரயில் ஸ்டேஷனுக்கு ஓடினான்.

ரயிலில் நகரத்தின் இந்தக் கோடியிலிருந்து அந்தக் கோடி. அங்கிருந்து பஸ். விமான நிலையத்தில் எல்லோரும் போய்விட்டிருந்தார்கள். ஒரு தகரப் பெட்டிமேல், கத்தரிப்பூ நிறப் பட்டுப்புடவையில், கையைக் கட்டிக்கொண்டு கோமதி உட்கார்ந்திருந்தாள். அவனைப் பார்த்ததும் எழுந்தாள். அழுகிறாளா, முறைக்கிறாளா என்று அவனுக்குப் பிடிபடவில்லை. அந்த ஒரு மாதத்தில் இரண்டையும் பார்க்க வாய்ப்புக் கிடைத்திருக்கவில்லை.

"கோட்டு வாங்கியாச்சுன்னு எழுதியிருந்தீகளே?"

"வாங்கினேன் கோமதி. அது வந்து... ஒரு பிரெஞ்சுக்கார மந்திரி போட்டுக்கிட்டாரு."

கோமதி அவனை மேலும் கீழும் பார்த்தாள். கண்ணாடிக் கதவு திறந்த சமயம் உள்ளே வந்த காற்றில் அவளுக்கு உடம்பு தூக்கிப்போட்டது. சிவசைலம் தன் கோட்டைக் கழற்றி அவள் தோளில் மாட்டினான். அதற்கு மேலே கையில் இருந்ததை விரித்தான். ஜரிகை போட்ட, ஓரம் நைந்த, டொரான்டோவுக்கு வந்த அத்தனை பெரிய மனிதர்களின் தோளிலும் ஒரு நிமிஷம் இருந்துவிட்டுப் போன பொன்னாடை. அவள் கழுத்தைச் சுற்றிப் போர்த்தினான். பின்னாலிருந்து யாரும் உருவவில்லை.

கோமதி குனிந்து ஜரிகையைத் தடவிப் பார்த்தாள்.

"என்னது, பொன்னாடையா?"

"ஆமா."

"பொன்னாடை போத்தினா ரெண்டு வார்த்தை பேசணும்லா? பேசட்டுமா?"

சிவசைலம் பெட்டியைத் தூக்கித் தோளில் வைத்தான். "பேசு."

அவள் பேசினாள். பஸ்ஸில், கல்யாணத்தன்று பாயசத்துக்குச் சர்க்கரை போட மறந்ததிலிருந்து ஆரம்பித்தாள். ரயில் ஏறும்போது அவனுடைய சித்திமாரை ஒவ்வொருவராகப் பெயர் சொல்லி எடுத்துக்கொண்டாள். யாருக்கும் 'அவர்களே' போடவில்லை. நகரத்தின் நடுவே ரயில் போனபோது, இந்த ஒன்றரை வருஷத்தில் எழுத நினைத்து எழுதாமல் விட்டதற்கு வந்திருந்தாள். எதிரில் உட்கார்ந்திருந்த ஒரே பார்வையாளன், சட்டையோடு நடுங்கிக்கொண்டு, ஒரு தடவைகூடக் கடிகாரத்தைப் பார்க்கவில்லை. வார்டன் ஸ்டேஷன் வந்து, இதுதான் கடைசி, எல்லோரும் இறங்குங்கள் என்று ரயில்காரர் சொன்ன பிறகுதான் எழுந்தான்.